டிஎல்எல் (மென்பொருள் ஓடத் தேவையான துணைக் கோப்பு) இல்லாமல் மென்பொருள் கைவிட்ட நேரங்கள்: உங்கள் அனுபவம் என்ன?

கல்லடியான்

மட்டக்களப்பு வாவிக்குள் பாடுகிறதென்று சொல்லும் பாடுமீன் தெரியாத ஆள் இங்கே இருக்க மாட்டார், நேரே வருகிறேன். பௌர்ணமி இரவு, கல்லடிப் பாலத்துக்குக் கிட்ட, தோணியில் மூன்று பேர். தோணிக்கார அண்ணன் துடுப்பைத் தண்ணீருக்குள் இறக்கி, மேல்நுனியில் காதை வைக்கச் சொன்னார். வைத்தேன். வெறும் போத்தல் வாயில் மெல்ல ஊதினால் வருமே, அப்படியொரு சத்தம், விட்டு விட்டு. கை சிலிர்த்துப் போனது.

மைக்கை இறக்கிவிட்டு லெப்டொப்பைத் திறந்தேன். அதிர்வெண்களைப் பிரித்துக் காட்ட நானே எழுதிய மென்பொருள், அதுவேதான் ரெக்கோட்டும் செய்யும். இருட்டுக்குள் வெள்ளைப் பெட்டி ஒன்று வந்து நின்றது: அதிர்வெண் கணக்கைச் செய்கிற எஃப்எஃப்டிடபிள்யூ நூலகத்தின் டிஎல்எல் கிடைக்கவில்லையாம். வீட்டுக் கொம்பியூட்டரில் அந்தக் கோப்பு வேறொரு போல்டரில் கிடந்திருக்கிறது, பாத் (கோப்புகளைத் தேட வேண்டிய போல்டர்களின் பட்டியல்) வழியாக விண்டோஸ் தானாகவே எடுத்துக்கொண்டிருக்கிறது. நான் கொண்டுவந்ததோ மென்பொருளின் பிரதான கோப்பான எக்ஸ்இ மட்டும். தோணியில் சிக்னலும் இல்லை.

"என்ன தம்பி, பிடிபட்டுதா?" என்று அண்ணன் கேட்டார். அந்தக் கேள்வி இன்னும் காதில் இருக்கிறது. போனைத் துடுப்போடு ஒட்டி வைத்துப் பார்த்தேன். குரலை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை இரைச்சலென்று அமுக்குகிற வசதி அதில் ஓடியிருக்கிறது. வீட்டில் போட்டுக் கேட்டால் நாங்கள் பேசியது மட்டும்தான் தெளிவாக இருந்தது.

கல்முனை ஸ்டூடியோ

எனக்கு நடந்தது கலியாண அல்பத்தில். விடிந்தால் கொடுக்க வேண்டும், இரவு பதினொரு மணிக்கு படங்களைக் கையாளும் ஐபிபிஐ டிஎல்எல் ஒன்று காணவில்லை என்று எடிட்டிங் மென்பொருள் திறக்க மறுத்தது. டிஎல்எல் இலவசமாகத் தருகிற தளம் ஒன்றில் இறக்கி, விண்டோஸின் பொதுப் போல்டரான சிஸ்டம்32-க்குள் போட்டேன். அடுத்த பெட்டி: 0எக்ஸ்சி000007பி என்ற பிழை எண். மாப்பிள்ளையின் வாப்பா காலையில் கடைவாசலில் நின்றபோது என்னிடம் அச்சடித்த ஒரு பக்கம்கூட இல்லை. அதுக்குப் பிறகு முக்கியமான டிஎல்எல் எல்லாவற்றையும் பென் டிரைவில் வைத்திருக்கிறேன். எது இல்லை என்றாலும் சிஸ்டம்32-க்குள் போட்டுவிடுவேன்.

அக்கரைப்பற்று மாணவி

கல்முனைக் காக்கா, கோபிக்க வேண்டாம், பென் டிரைவ் வழி சரியில்லை. என் கதை சின்னது: நெல் இலைப் புள்ளியை அடையாளம் காண்கிற புரொஜெக்ட். சேர்வரில் ஏற்றியதும் படங்களை ஆராயும் ஓப்பன்சிவி நூலகம், திரையில் வரைய உதவும் லிப்ஜிஎல் கோப்பைக் கேட்டு நின்றது. திரையே இல்லாத இயந்திரத்துக்கு ஜன்னல் திறக்கிற பதிப்பைப் போட்டிருக்கிறேன். திரை தேவைப்படாத ஹெட்லெஸ் பதிப்புக்கு மாற்றியதும் ஓடியது, ஆனால் அப்போது புரொஜெக்டைக் காட்ட வேண்டிய என் முறை முடிந்திருந்தது.

இனி உங்களுடையது. உங்களுக்கு வந்த எண் பெரும்பாலும் 32 பிட்டும் 64 பிட்டும் கலந்ததால் வருவது. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32-க்குள் இருப்பது 64 பிட் கோப்புகள், 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64-க்குள். பெயரைப் பார்த்தால் தலைகீழாகத் தெரியும், அதில்தான் எல்லாரும் விழுகிறோம். அப்புறம், பெயர் ஒன்றாக இருந்தால் கோப்பும் ஒன்று என்று நினைக்காதீர்கள். ஜேபெக் படங்களைத் திறக்கிற லிப்ஜேபெக், பதிப்பு எண் பொருந்தாமல் "கேட்பது 62, இருப்பது 80" என்று சண்டை பிடிப்பதை நானே பார்த்திருக்கிறேன். பொதுப் போல்டரில் ஒன்றை மாற்றினால் அதை நம்பியிருந்த வேறொரு மென்பொருள் அடுத்த மாதம் விழும், காரணம் யாருக்கும் பிடிபடாது. யாரோ ஏற்றிய டிஎல்எல்லுக்குள் என்ன இருக்கிறதென்று எப்படித் தெரியும்? மென்பொருளை முறையாகத் திரும்ப நிறுவுங்கள். மேலதிகக் கோப்பு வேண்டுமென்றால் அதை எழுதியவர்களிடமே எடுத்து எக்ஸ்இ பக்கத்திலேயே வையுங்கள், விண்டோஸ் முதலில் தேடுவது அங்கேதான். லினக்ஸில் எல்டிடி என்ற கட்டளையில் கேட்டால் எது இல்லை என்று அதுவே சொல்லும்.

கல்லடி அண்ணாவுக்கும் ஒன்று: எஃப்எஃப்டிடபிள்யூ ஜிபிஎல் என்ற திறந்த மூல உரிமத்தில் வருவது. அதைச் சேர்த்து மற்றவர்களுக்குக் கொடுப்பதாக இருந்தால் உங்கள் மூலநிரலையும் கொடுக்க வேண்டும்.

களுவாஞ்சிகுடி

தங்கச்சி சொன்னதெல்லாம் சரி, ஆனால் பக்கத்தில் வைத்தும் நான் விழுந்தேன். கடவுச்சீட்டுப் படம் எடுக்கிற கடைக்கு இன்டெலின் ஐபிபி நூலகத்தை வைத்துச் சின்ன மென்பொருள் எழுதினேன். ஒரே வேலைக்கு டபிள்யூ7, பி8, ஜி9 என்று பல கோப்பு. என் லெப்டொப்புக்கு ஜி9 போதும், மற்றதை வீண் பாரமென்று அழித்தேன். அவை ஒவ்வொரு தலைமுறைப் புரொசசருக்கும் ஒவ்வொன்று: டபிள்யூ7 பழைய எஸ்எஸ்இ2 கட்டளைகள் உள்ளதற்கு, ஜி9 புதிய ஏவிஎக்ஸ் உள்ளதற்கு. கடையில் இருந்தது பழைய பென்டியம் 4. திறக்கவேயில்லை. கடைக்கார மாமா ஒரு வார்த்தை பேசாமல், பிள்ளையின் படத்தைப் பழையபடி பெயின்டில் வைத்து ஓரம் வெட்டத் தொடங்கினார். பக்கத்தில் கையைக் கட்டிக்கொண்டு நின்றேன்.

கல்லடியான்

தங்கச்சி, உரிமம் பற்றித் தெரியாது, நன்றி. இப்போது எல்லாம் ஒரே போல்டரில். எதுவுமே நிறுவாத அக்காவின் கொம்பியூட்டரில், இணையத்தைக் கழற்றிவிட்டுத் திறந்து பார்த்தேன். திறந்தது. தோணிக்கார அண்ணனிடமும் சொல்லிவிட்டேன், வருகிற பௌர்ணமிக்கு.