ஸ்பானிஷ் வகுப்பில் தமிழ் கைகொடுக்கும் இடமும் காலை வாரும் இடமும்: ஓர் அனுபவப் பகிர்வு (ஆசிரியர்கள் பலர் மாறி மாறி எழுதியது; ஒவ்வொரு பகுதிக்கும் மேலே இருப்பது எழுதியவரின் புனைபெயர்)

சிவப்பு மை

பள்ளியிலோ கல்லூரியிலோ தமிழ்ப் பிள்ளைகளுக்கு ஸ்பானிஷ் எடுப்பவர்கள் வகுப்பில் அடிக்கடி எதிர்கொள்ளும் தவறுகளை இங்கே போடுங்கள். ‘நான் ஸ்பானிஷ் கற்ற கதை’ வேண்டாம். பிள்ளை என்ன எழுதியது, ஏன் எழுதியது, எப்படித் திருத்தினால் நிற்கும், அதுமட்டும் போதும்.

முதல் பருவத் தாளைத் திருத்த உட்கார்ந்தால் முதலில் கண்ணில் படுவது ‘யோ குஸ்தோ கஃபே’. பாடநூல் ‘ஐ லைக்’ என்று பொருள் கொடுத்திருக்கும். பிள்ளை ‘ஐ’க்கு ‘யோ’ போட்டு, வினையையும் அதற்கேற்பத் திருப்பிவிடும். பலகையில் ஆங்கிலத்தை அழித்துவிட்டு ‘எனக்குக் காபி பிடிக்கும்’ என்று எழுதுங்கள். எனக்கு என்பது ‘மே’, பிடிக்கும் என்பது ‘குஸ்தா’, காபி ‘எல் கஃபே’. ‘மே குஸ்தா எல் கஃபே’. இலக்கண விளக்கமே தேவைப்படாது. ஆங்கிலம் வழியாகப் போனால் ஒரு வாரம் பிடிக்கிற பாடம், நான்காம் வேற்றுமை தெரிந்த பிள்ளைக்குப் பத்து நிமிடம்.

ஆனால் இரண்டு இடத்தில் இடறும். ‘ஹுவானுக்குக் காபி பிடிக்கும்’ என்பதை ‘ஆ ஹுவான் குஸ்தா’ என்று எழுதுவார்கள். தமிழில் ‘ஹுவானுக்கு’ என்றதோடு வேலை முடிந்தது. ஸ்பானிஷில் ‘ஹுவானுக்கு, அவனுக்கு’ என்று இரண்டு தடவை சொல்லியாக வேண்டும்: ‘ஆ ஹுவான் லே குஸ்தா எல் கஃபே’. அந்த ‘லே’யை விடவே கூடாது. அடுத்தது பன்மை. ஆப்பிள் ஒன்றானாலும் கூடை நிறைய இருந்தாலும் தமிழில் ‘பிடிக்கும்’தான். ஸ்பானிஷில் ‘மே குஸ்தான் லாஸ் மன்சானாஸ்’ என்று ஒரு ‘ன்’ ஒட்ட வேண்டும். ஒருமையை மட்டும் இரண்டு வாரம் பழக்கிவிட்டு அப்புறம் பன்மைக்குப் போனால் அந்த ‘ன்’ ஒட்டவே ஒட்டாது. முதல் நாளே பத்து வாக்கியம் கொடுத்தால் ஐந்து பன்மையாக இருக்கட்டும்.

மூன்றாம் பெஞ்ச்

சிவப்பு மை சார் சொன்னது சரி, ஆனால் ‘எனக்கு’ என்றாலே ‘மே’ என்று பிள்ளைகள் பிடித்துக்கொள்வார்கள். அடுத்த வாரமே ‘எனக்குப் பசிக்கிறது’ என்பதற்கு ‘மே ஆம்ப்ரே’ என்று வரும். ‘எனக்குப் பதினைந்து வயது’ என்பதற்கு ‘மே கின்சே ஆன்யோஸ்’. இவை இரண்டும் ‘தெங்கோ’ (என்னிடம் இருக்கிறது) வகை. ஸ்பானிஷ்காரர் பசியையும் வயதையும் கையில் வைத்திருப்பவர் போலத்தான் பேசுவார்: ‘தெங்கோ ஆம்ப்ரே’, ‘தெங்கோ கின்சே ஆன்யோஸ்’.

நோட்டின் கடைசிப் பக்கத்தை நடுவில் கோடு போட்டுப் பிரித்து, இடப்பக்கம் ‘மே’ என்றும் வலப்பக்கம் ‘தெங்கோ’ என்றும் தலைப்பு எழுதச் சொல்லுங்கள். பிடிப்பது, வலிப்பது, ஆர்வம் தருவது இடப்பக்கம். பசி, தாகம், தூக்கம், குளிர், வெக்கை, பயம், அவசரம், வயது எட்டும் வலப்பக்கம். ஆண்டு முழுக்க அந்தப் பக்கம் திறந்தபடியே இருக்கட்டும்.

‘எனக்குத் தலை வலிக்கிறது’ இடப்பக்கம்: ‘மே துவேலே லா கபேசா’. ‘என் தலை’ என்று தமிழிலும் சொல்வதில்லை, ஸ்பானிஷிலும் சொல்வதில்லை. ஆங்கிலம் நினைவுக்கு வந்தால்தான் ‘மி கபேசா’ வரும்.

நாகர்கோவில் ரகரம்

உச்சரிப்புக்கு வருகிறேன். இங்கே வேறு வழியில்லாமல் ஸ்பானிஷைத் தமிழ் எழுத்தில் எழுதுகிறோம். வகுப்பில் அதைச் செய்யவே விடாதீர்கள். ‘பேசோ’ என்று நோட்டில் எழுதியிருந்தால் அது எடையா, நாணயமா, முத்தமா? ஸ்பானிஷில் முத்தத்துக்கு முதல் எழுத்து வேறு. தமிழில் ஒரே பகரம். முட்டைக்கோஸும் கால்பந்து கோலும் அப்படித்தான், இரண்டும் ‘கோல்’. சொல்லின் முதலில் வரும் வல்லெழுத்தை அதிர்வோடு சொல்வது, அதிர்வில்லாமல் சொல்வது என்ற வேறுபாட்டைத் தமிழ் எழுத்து காட்டாது. இந்த மாதிரி எட்டு ஜோடிக்கு அட்டை செய்து, நீங்கள் ஒன்றைச் சொல்ல, பிள்ளை சரியான அட்டையைத் தூக்கட்டும். தினம் மூன்று நிமிடம் போதும். காது பழகின பிறகு வாயைப் பழக்குங்கள்.

சொல்லின் நடுவில் நம் பிள்ளைகளுக்கு யோகம். ‘நாதா’ என்பதில் வரும் மெல்லிய ஒலி ‘அது’ என்பதில் உள்ள தகரம். ‘தோந்தே’ என்பதில் னகரத்துக்குப் பின் வரும் அழுத்தமான ஒலி ‘பந்து’வில் உள்ள தகரம். ஸ்பானிஷ் விதியும் நம் வாய்ப்பழக்கமும் ஒன்றேதான், தனியாகச் சொல்லித்தர வேண்டியதே இல்லை. ஒரே எச்சரிக்கை: பகலைப் ‘பஹல்’ என்று சொல்கிற பிள்ளை, ஏரியான ‘லாகோ’வையும் ‘லாஹோ’ ஆக்கிவிடும். ஸ்பானிஷில் ஹகர ஒலிக்குத் தனி எழுத்து இருக்கிறது, கலந்தால் குழப்பம்.

ஆங்கிலவழிப் பிள்ளைகள் ‘டொமாட்டே’ என்பார்கள். டகரத்தைத் தகரமாக்குங்கள், ‘தொமாத்தே’. அவ்வளவுதான்.

ரகரம் இரண்டு. ‘பேரோ’ (ஆனால்) என்றால் நம் ரகரம், நாக்கு ஒரு தட்டுத் தட்டும். ‘பேர்ரோ’ (நாய்) என்றால் நாக்கு உருள வேண்டும். ர, ற வேறுபாட்டைப் பேச்சில் இன்னும் வைத்திருக்கும் கன்னியாகுமரிப் பக்கத்துப் பிள்ளைகளுக்கு ‘அந்த றகரம்’ என்றாலே போதும். மற்றவர்களுக்கு றகரத்தைக் காட்டாதீர்கள், ‘காற்று’ நினைவில் ‘பெற்றோ’ என்று சொல்லி டகரத்துக்குப் போய்விடுவார்கள். அதற்குப் பதில் சின்னப் பிள்ளைகள் வண்டி ஓட்டுகிற ‘ட்ர்ர்ர்’ சத்தம். அதிலிருந்து ‘த்ரேன்’ (ரயில்), ‘த்ரேஸ்’ (மூன்று), பிறகு ‘பேர்ரோ’. நாக்கை இறுக்கினால் உருளாது, தளர்வாக விட்டு மூச்சை ஊதவேண்டும். ஒரே நாளில் அரைமணி நேரம் போட்டு அறுத்தால் பிள்ளை நாக்கை இறுக்கத்தான் கற்றுக்கொள்ளும். சொல்லின் முதலிலும், ன், ல், ஸ் இவற்றுக்குப் பின்னும் வரும் ஒற்றை ரகரமும் உருளும் என்பதைப் பலர் சொல்லாமலே விட்டுவிடுகிறார்கள்.

‘இஸ்கூல்’ என்று சொன்னால் சிரிக்காதீர்கள். ஸ்பானிஷும் அதைத்தான் செய்தது: ‘எஸ்குவேலா’, ‘எஸ்பான்யா’, ‘எஸ்துதியாந்தே’.

யாழ்ப்பாணத்து அலுமாரி

முதல் வகுப்புக்குச் சொற்பட்டியல் தேடுற ஆக்களுக்கு ஒரு யோசனை. போர்த்துக்கேயர் விட்டுப்போன சொற்களே எங்கட வீடு நிறையக் கிடக்கு, ஸ்பானிஷ் அதுக்கு அக்கா முறை. மேசை ‘மேசா’, அலுமாரி ‘அர்மாரியோ’, சப்பாத்து (காலணி) ‘சபாத்தோ’, துவாய் ‘தோவாயா’, பொத்தான் ‘போத்தோன்’, கோப்பை ‘கோப்பா’, பாண் (ரொட்டி) அப்பிடியே ‘பான்’. தமிழ்நாட்டுப் பிள்ளையளுக்கு பாணும் சப்பாத்தும் புதுசா இருக்கும், மிச்சம் தெரியும்.

கதிரையை மட்டும் சேர்க்காதேங்கோ. போர்த்துக்கேயத்தில நாற்காலி, ஸ்பானிஷில ‘கதேரா’ எண்டால் இடுப்பு. இருக்கிற கதிரைக்கு ‘சியா’.

சொல்லைத் தனியாக் குடுக்க வேண்டாம், ‘லா மேசா’, ‘எல் சபாத்தோ’ எண்டு ஆர்ட்டிகிளோட (பெண்பாலுக்கு ‘லா’, ஆண்பாலுக்கு ‘எல்’) குடுங்கோ. மேசை ஏன் பெண், சப்பாத்து ஏன் ஆண் எண்டதுக்குத் தமிழில ஒரு பிடியும் கிடையாது. ஆர்ட்டிகிள் இல்லாம எழுதினால் அரை மார்க் எண்டு முதல் நாளே சொல்லிவிடுங்கோ.

சிவப்பு மை

அலுமாரி சொன்னதற்கு ஒரு ஒட்டு: ‘ஆ’வில் முடிந்தால் பெண் என்று பிள்ளை நினைக்கும். ஆனால் ‘எல் ப்ரோப்ளேமா’ (சிக்கல்), ‘எல் தேமா’ (தலைப்பு), ‘எல் மாப்பா’ (வரைபடம்), ‘எல் தியா’ (நாள்) ஆண், எதிர்ப்பக்கம் ‘லா மானோ’ (கை) பெண். இந்த ஐந்தையும் முதல் மாதத்திலேயே சுவரில் ஒட்டிவிடுங்கள்.

ழகரம்

எல்லாரும் பயப்படுகிற ‘சேர்’, ‘எஸ்தார்’: ஆங்கில ‘இஸ்’ஸுக்கு ஸ்பானிஷில் இருக்கும் இரண்டு வினைகள். நிரந்தரம் என்றால் சேர், தற்காலிகம் என்றால் எஸ்தார் என்ற விதியைத் தூக்கிப்போடுங்கள். செத்தவர் செத்தவர்தான், அதைவிட நிரந்தரம் ஏது? ஆனால் ஸ்பானிஷில் ‘எஸ்தா முவேர்த்தோ’.

தமிழில் ஒரு சோதனை இருக்கிறது. ‘அவர் டாக்டர்’ என்பதில் வினையே இல்லை, அங்கே சேர்: ‘எஸ் மேதிகோ’. ‘அவர் வீட்டில் இருக்கிறார்’ என்று ‘இரு’ வந்தால் எஸ்தார்: ‘எஸ்தா என் காசா’. வினையெச்சத்தோடு ‘இரு’ சேர்ந்தாலும் எஸ்தார். ‘கதவு திறந்திருக்கிறது’ என்றால் ‘எஸ்தா அபியேர்த்தா’. ‘தூங்கிக்கொண்டிருக்கிறான்’ என்றால் ‘எஸ்தா துர்மியேந்தோ’. ‘உட்கார்ந்திருக்கிறான்’ என்பதைப் பாருங்கள். ஆங்கிலத்தில் அது தொடர்வினை மாதிரி இருப்பதால் பிள்ளை ‘எஸ்தா சென்தாந்தோ’ என்று எழுதும். தமிழில் ‘உட்கார்ந்துகொண்டிருக்கிறான்’ வேறு, ‘உட்கார்ந்திருக்கிறான்’ வேறு. இரண்டாவதுக்கு ‘எஸ்தா சென்தாதோ’. தமிழைக் கேட்டால் தவறு வரவே வராது.

சோதனை உடைகிற இடம் பெயரடை. ‘சுவர் வெள்ளையாக இருக்கிறது’ என்பதில் ‘இரு’ இருக்கிறது, ஆனால் ‘லா பாரேத் எஸ் பிளாங்கா’, சேர்தான். ‘வெள்ளைச் சுவர்’ என்று திருப்பிப் பார்த்து, அது அந்தப் பொருளின் அடையாளமாக இருந்தால் சேர். ‘காபி ஆறியிருக்கிறது’ என்பது அந்தக் கோப்பையின் இன்றைய நிலை, எஸ்தார். அடுத்த விதிவிலக்கு நிகழ்ச்சிகள். ‘கூட்டம் ஹாலில்’ என்பதற்கு ‘நடக்கிறது’ என்று போட முடிந்தால் சேர்.

இன்னொன்றும் சும்மா கிடைக்கிறது. ‘மரியாவைப் பார்க்கிறேன்’ என்பதில் ‘ஐ’யை விட முடியாது. ‘ஒரு மரம் பார்த்தேன்’ என்பதில் விடலாம். ஸ்பானிஷில் அந்த ‘ஐ’யின் வேலையை ஆளுக்கு முன்னால் வரும் ‘ஆ’ செய்கிறது: ‘வேயோ ஆ மரியா’, ஆனால் ‘வேயோ லா மேசா’. உயர்திணை, அஃறிணை என்று சொன்னால் பிள்ளை சிரித்துக்கொண்டே போட்டுவிடும்.

மூன்றாம் பெஞ்ச்

ழகரம் மேடம், ஸ்பானிஷின் இறந்தகாலம் இரண்டுக்கும் இப்படி ஏதாவது உண்டா? கல்லூரிப் பிள்ளைகள் அங்கேதான் மொத்தமாக விழுகிறார்கள்.

ழகரம்

உண்டு. ‘நேற்று ஆற்றுக்குப் போனேன்’, முடிந்த செயல்: ‘ஃபுயி’. ‘சின்ன வயசில் தினமும் ஆற்றுக்குப் போவேன்’, பேச்சில் எதிர்கால வடிவத்தைப் போட்டுப் பழைய வழக்கத்தைச் சொல்கிறோமே, அது அப்படியே ‘இபா’. ‘போய்க்கொண்டிருந்தேன்’ என்பதும் ‘இபா’ பக்கம்தான். ‘போவேன்’, ‘-க்கொண்டிருந்தேன்’ இரண்டில் ஒன்று பொருந்தினால் ‘இபா’ வகை இறந்தகாலம், அதாவது இம்பெர்ஃபெக்தோ. ‘தெரிந்தது’, ‘தெரியும்’ மாதிரி வினைகளுக்கு மட்டும் இது சரியாக வராது. ‘சாபியா’ என்றால் முன்பே தெரிந்திருந்தது, ‘சுப்பே’ என்றால் அப்போதுதான் தெரியவந்தது. தனியாகச் சொல்லுங்கள்.

தேர்வு மணி

வாரம் 2 பீரியட், 45 நிமிடம், 30 வாரம் என்றால் ஆண்டுக்கு 45 மணி நேரம். விடுமுறை, தேர்வு, ஆண்டுவிழா ஒத்திகை போக 35 தேறினால் அதிசயம். ஏ1 என்ற தொடக்க நிலைக்கு 60 மணி நேரமாவது வேண்டும். ஒரே ஆண்டில் டெலே (ஸ்பானிஷ் தகுதிச் சான்றுத் தேர்வு) எழுத வைக்கிறேன் என்று பெற்றோரிடம் ஒப்புக்கொள்ளாதீர்கள்.

ஏ1 டெலேயில் இரண்டு குழு. வாசிப்பும் எழுத்தும் ஒன்று, கேட்டலும் பேச்சும் ஒன்று. ஒவ்வொன்றும் 50 மதிப்பெண், ஒவ்வொன்றிலும் 30 எடுக்க வேண்டும். முதல் குழுவில் 48 எடுத்து இரண்டாவதில் 28 எடுத்தால் தோல்விதான், கூட்டிப் பார்க்க மாட்டார்கள். நம் பிள்ளைகள் மனப்பாடத்தால் முதல் குழுவைத் தாண்டிவிடுவார்கள், இரண்டாவதில் மாட்டுவார்கள். பாதி வகுப்பு நேரத்தைக் காதுக்கும் வாய்க்கும் ஒதுக்கினால்தான் சரிப்படும். சியேலே என்ற கணினித் தேர்வில் தோல்வி என்பதே கிடையாது, மதிப்பெண் மட்டும் வரும், ஆனால் அந்தச் சான்று 5 ஆண்டுதான் செல்லும். டெலே சான்றுக்குக் காலாவதி இல்லை.

60 பேர் வகுப்பில் பேச வைக்க: நான்கு பேர் ஒரு குழு. ஆறு வரிப் பத்தியை வாசலுக்கு வெளியே ஒட்டுங்கள். ஒருவர் ஓடிப்போய் ஒரு வரியைப் படித்து நினைவில் கொண்டுவந்து சொல்ல, மற்றவர் எழுத வேண்டும். வரிக்கு ஒருவர் மாறணும். அலைபேசியை வெளியே விட்டுவிட்டு வரட்டும், இல்லாவிட்டால் படம் எடுத்துவிடுவார்கள். ஆறு வரிக்கு மேல் வைத்தால் பின்பெஞ்ச் கலைந்துவிடும்.

நாகர்கோவில் ரகரம்

வினாத்தாள் அடிப்பவர்களுக்கு ஒன்று. ஞகர ஒலிக்கான எழுத்தின் மேல் இருக்கும் அலைக்கோடு விட்டுப்போனால் ‘ஆன்யோ’ (ஆண்டு) ‘ஆனோ’ ஆகிவிடும், அதாவது ஆசனவாய். ‘எனக்குப் பதினைந்து...’ என்ற வாக்கியம் அச்சில் எப்படி நிற்கும் என்று யோசித்துக்கொள்ளுங்கள். விண்டோஸில் ஆல்ட் விசையைப் பிடித்துக்கொண்டு எண்பலகையில் 164 அடித்தால் அந்தச் சின்ன எழுத்து வரும், பெரிய எழுத்துக்கு 165. தலைகீழ் கேள்விக்குறி 168, தலைகீழ் ஆச்சரியக்குறி 173. எண்பலகை இல்லாத மடிக்கணினியில் இது வேலை செய்யாது, ஸ்பானிஷ் விசைப்பலகையைச் சேர்த்துக்கொண்டால் நம் அரைப்புள்ளி விசை இருக்கும் இடத்திலேயே அந்த எழுத்து உட்கார்ந்திருக்கும்.