சம்பள வழக்கில் கம்பெனி ரெஜிஸ்டரைக் கேட்டபோது என்ன நடந்தது? உங்கள் அனுபவம்

கோவை_வார்ப்படம்:
ஓவர்டைம் பாக்கிக்குத் தொழிலாளர் நீதிமன்றத்துல 33சி(2) மனு போட்டிருக்கோம் (பழைய தொழில் தகராறுச் சட்டத்துல, வரவேண்டிய பணத்தைக் கணக்குப் போட்டு வாங்கித் தர்ற பிரிவு). வார்ப்பு ஊத்துற நாள்ல 12 மணி நேரம் நின்ன வேலை. அப்போ இருந்த தொழிற்சாலைச் சட்டம் 59-ஆம் பிரிவுப்படி ஓவர்டைமுக்கு இரட்டிப்புச் சம்பளம் வரணும், வவுச்சர்ல ஒத்தைச் சம்பளம்தான் கொடுத்தாங்க. கேட் ரெஜிஸ்டர், ஓவர்டைம் ரெஜிஸ்டர், சம்பளப் பதிவேடு மூணையும் தாக்கல் செய்யச் சொல்லி ஐ.ஏ. (இடைமனு) போட்டோம். "தேடிக்கிட்டு இருக்கோம்"னே வாய்தா மேல வாய்தா ஓடுச்சு. அப்புறம் ஒரு நாள் 2015-16 சம்பளப் பதிவேடுன்னு ஒண்ணைக் கொண்டு வந்தாங்க. எங்க வக்கீலம்மா புரட்டிக்கிட்டே வந்து பின் அட்டையில நிறுத்தினாங்க. நோட்டு அச்சடிச்ச கடைப் பேருக்குக் கீழ ஜி.எஸ்.டி. நம்பர். ஜி.எஸ்.டி. வந்ததே 2017 ஜூலையில! உள்ளே மாசாமாசம் என் பேர்ல கையெழுத்து. அது நான் போட்டதில்ல. பணம் வருதோ இல்லையோ, என் பேரை இன்னொருத்தன் உட்கார்ந்து எழுதிப் பழகியிருக்கான்ங்கறதை என்னால தாங்க முடியல.

ஃப்ரீமாண்ட்_சமையல்:
இங்கே கலிபோர்னியாவில் வழக்குப் போடும் முன்பே சம்பளப் பதிவுகளைக் கேட்டு வாங்கலாம். எழுதிக் கேட்டால் 21 நாளுக்குள் முதலாளி கொடுக்க வேண்டும், தவறினால் 750 டாலர் அபராதம். என் பிரச்சினை வழக்குப் போட்ட பிறகு வந்தது. நாம் ஆவணம் கேட்பதுபோல் அவர்களும் நம்மிடம் கேட்கலாம். வேலை பார்த்த காலம் முழுக்க என் வாட்ஸ்அப் மெசேஜ் அத்தனையும் வேண்டும் என்றார்கள். மனைவியிடம் பேசியதை எதற்குக் கொடுக்க வேண்டும் என்று எனக்குக் கொதித்தது. இரண்டு தரப்பு வக்கீலும் முதலில் தங்களுக்குள் பேசிப் பார்க்க வேண்டும், முடியாவிட்டால்தான் நீதிபதியிடம் போகலாம். பேசிப் பேசி, வேலை நேரம் பற்றிய மெசேஜ் மட்டும் என்று குறைத்தார்கள். அதில் முதலில் எடுத்தது: "இன்னும் கிளம்பல, நீ சாப்பிட்டுட்டுப் படு", இரவு 11.40. டைம் கார்டில் அன்றைக்கு 9 மணிக்கே வெளியேறியதாகப் பதிவு.

ஓய்வு_தொழிற்சங்கம்:
கோவைத் தோழருக்கு ஒன்று சொல்ல வேண்டும். ஜி.எஸ்.டி. நம்பரைப் பிடித்தது பெரிய விஷயம்தான். ஆனால் நீங்கள் வேலை பார்த்த நேரத்தையே கம்பெனி மறுத்தால், 33சி(2) கணக்குப் போடும் பிரிவு மட்டும்தான், உரிமைத் தகராறை இதில் தீர்க்க முடியாது என்று கட்டாயம் வாதாடுவார்கள். அதற்கு இப்போதே தயாராகுங்கள். மற்றவர்களும் கவனியுங்கள். "எல்லா ஆவணங்களையும் தாக்கல் செய்க" என்று எழுதினால் எதுவும் வராது. எந்தப் பதிவேடு, எந்த மாதம் முதல் எந்த மாதம் வரை என்று பெயர் சொல்லிக் கேளுங்கள். 2025 நவம்பர் வரை இருந்த தொழில் தகராறுச் சட்டம் 11(3), ஆவணத்தை வரவழைக்கும் அதிகாரத்தைத் தொழிலாளர் நீதிமன்றத்துக்குக் கொடுத்தது. இல்லை என்றால், இல்லை என்று பிரமாணப் பத்திரம் போடச் சொல்லுங்கள். எல்லட்டி வழக்கில் (2005) உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது: மஸ்டர் ரோல் (வருகைப் பதிவேடு) வரவில்லை என்பதற்காக மட்டும் முதலாளிக்கு எதிராக முடிவெடுக்க முடியாது, மறைத்தார்கள் என்று தொழிலாளி தன் மனுவிலேயே சொல்லியிருக்க வேண்டும். நீங்களும் கூண்டேறிச் சாட்சி சொல்ல வேண்டும். பி.எஃப். பாஸ்புக்கை இன்றே இறக்கி வையுங்கள். என் சொந்த வழக்கில் எண்ணெய்க் கறை படிந்த பஞ்சிங் கார்டு ஒன்றுதான் மிஞ்சியது. அதை வைத்துத்தான் ஜெயித்தோம்.

நூல்மில்_அக்கா:
சட்டமெல்லாம் சரிங்க அண்ணே. எங்க மில்லுல ரெஜிஸ்டர் எழுதின கிளார்க் கம்பெனி சாட்சியா வந்தார். எங்களோட உட்கார்ந்து சாப்பிட்ட மனுஷன். "இவங்க ராத்திரி ஷிப்ட் பார்த்ததே இல்ல"ன்னு என் முகத்தைப் பார்க்காமலே சொன்னார். அவருக்கும் புள்ளைங்க இருக்கு, வேலை போயிடும்னு தெரியும். ஆனாலும் ஆறல.

கோவை_வார்ப்படம்:
அண்ணே, 59-ஆம் பிரிவு உரிமை அப்போதைய சட்டத்துலயே இருக்கு, யாரும் புதுசா தீர்மானிக்க வேண்டியதில்ல. நேரத்தைத்தான் நிரூபிக்கணும், அதுக்குத்தானே கேட் ரெஜிஸ்டர் கேட்கறோம்? வக்கீலம்மாவும் இதையேதான் சொல்றாங்க. கையெழுத்தை நிபுணருக்கு அனுப்பச் சொல்லி மனு போட்டாச்சு. கம்பெனி இன்னும் பதில் மனு போடல. இப்படி அனுப்பினவங்க யாராவது இருந்தா, ஒப்பிட்டுப் பார்க்கப் பழைய கையெழுத்து எதெல்லாம் கொடுத்தீங்கன்னு சொல்லுங்க.