பழைய ஒளிப்பதிவுகளைக் கொண்டு ஆவணப்படம் தொகுப்பதை வன்னியிலிருந்தே தொழிலாகச் செய்யலாமா?

வட்டக்கச்சி வாசகி:
கிளிநொச்சியில் ஒரு ஸ்ரூடியோவில் திருமண, சாமத்திய வீட்டு வீடியோக்களைத் தொகுத்து வருகிறேன். இடப்பெயர்வுகளின்போது பொலித்தீனில் சுற்றிக் காப்பாற்றிய வீஎச்எஸ் நாடாக்களைச் சிலர் கொண்டுவந்து, கணினிக்கு மாற்றித் தரக் கேட்கின்றனர். அவற்றைப் பார்க்கப் பார்க்க, வரலாற்றுப் பதிவுகளைக் கொண்டு ஆவணப்படம் தொகுப்பவளாக வேண்டும் என்ற விருப்பம் வலுத்துவிட்டது. கொழும்புக்குப் போகாமல் இது முடியுமா? மென்பொருள் வகுப்பொன்றுக்குப் பணம் கட்டலாமா?

முறிகண்டிப் பயணி:
வகுப்புக்குப் பணம் கட்ட வேண்டாம், தங்கச்சி. டாவின்சி ரிசால்வ் என்ற தொகுப்பு மென்பொருளின் இலவசப் பதிப்பே போதும். இத்துறையில் காட்சிகளை வெட்டி ஒட்டுவதைவிட, அவை எங்கே, எப்போது எடுக்கப்பட்டவை என்று உறுதிசெய்வதற்கே அதிக நேரம் செல்லும். 1927இல் சோவியத் படத்தொகுப்பாளர் எஸ்ஃபிர் ஷூப் செய்திப்படங்களையும் ரஷ்யாவின் சார் மன்னர் குடும்பத்தின் சொந்தப் பதிவுகளையும் தேடியெடுத்து, ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சியைப் படமாகத் தொகுத்த காலத்திலிருந்தே நிலைமை இதுதான். அந்த அறிவு உங்களிடம் ஏற்கெனவே இருக்கிறது. கிளிநொச்சி நிலையத்தில் ரயில் நிற்கிறதென்றால், காட்சி 1990 நடுப்பகுதிக்கு முந்தியது அல்லது 2013 செப்டெம்பருக்குப் பிந்தியது. யாழ்ப்பாணப் பாதையிலிருந்த முகமாலைச் சோதனைச் சாவடியில் பயணிகள் பொதிகளோடு சோதனைக்கு வரிசையில் நிற்கிறார்களென்றால், 2002 ஏப்ரலுக்கும் 2006 ஆகஸ்டுக்கும் இடைப்பட்டது. படத்தின் மூலையில் ஒளிரும் திகதியை மட்டும் நம்பாதீர்கள். கமராவின் மணிக்கூட்டைச் சரிசெய்து வைத்தவர்கள் மிகக் குறைவு.

ஓமந்தை ஒளிப்படக்காரர்:
பூஞ்சணம் பிடித்த நாடாவைத் துப்புரவாக்காமல் டெக்கில் போட்டால், அது டெக்கின் தலையில் ஒட்டி அடுத்தவரின் நாடாவையும் கெடுக்கும். நமது நாடாக்கள் பெரும்பாலும் பால் (PAL) எனப்படும் வீடியோ முறையில், நொடிக்கு 25 சட்டகங்களாகப் பதிவானவை. அகலமும் உயரமும் 4:3 விகிதத்திலுள்ள பழைய படத்தை அகலத் திரைக்கு இழுத்து முகங்களை ஊதவைப்பது எனக்குப் பொறுக்காத வேலை. மினி டீவி (MiniDV) எனும் சிறிய டிஜிற்றல் வீடியோ நாடா ஒரு மணி நேரத்துக்கு ஏறத்தாழ 13 கிகாபைற் பிடிக்கும். அதைச் சுருக்காமல் மூலப்பிரதியாக ஒதுக்கிவிட்டு, வேறு பிரதியில் தொகுங்கள்.

மாங்குளத்தார்:
வருமானத்தையும் யாராவது சொல்ல வேண்டும். ஆவணப்பட வேலை தொடர்ச்சியாக வராது; ஆகையால் கல்யாண வேலையை விட்டுவிடாதீர்கள். வெளிநாட்டுக் காப்பகங்கள் பயன்படுத்தும் காட்சியின் நீளத்தைக் கணக்கிட்டே உரிமக் கட்டணம் கேட்பது வழக்கமாதலால், படமெடுப்பவர்கள் முதலில் நீர்முத்திரையிட்ட தரம் குறைந்த பிரதியில் தொகுத்து, இறுதியில் தேர்ந்த துண்டுகளுக்கு மட்டும் பணம் செலுத்துவார்கள். எந்தத் துண்டு எந்தக் காப்பகத்தின் எத்தனையாவது நிமிடத்திலிருந்து வந்தது என்ற பட்டியலைப் பிசகாமல் வைத்திருக்கும் தொகுப்பாளருக்கு மதிப்பு உண்டு, அதை இணைய வசதியோடு மாங்குளத்திலிருந்தும் செய்யலாம்.

வட்டக்கச்சி வாசகி:
மிக்க நன்றி. வாடிக்கையாளர்களின் நாடாக்களை மாற்றும்போது எனக்கென ஒரு பிரதி எடுத்து வைக்கலாமா?

முறிகண்டிப் பயணி:
எழுத்தில் அனுமதி பெறாமல் எடுக்காதீர்கள். அந்தப் பந்தலில் நிற்பவர்களுள் காணாமற்போனோர் இருக்கலாம். முகம் வெளியே தெரிவதால் இன்றும் சிக்கலுக்குள்ளாகக் கூடியவர்களும் இருக்கலாம். நாடாவைப் பெற வரும்போது குடும்பத்தாரைச் சற்று அமரச் செய்து, யார், எந்த ஊர், எந்த ஆண்டு என்று கேட்டு எழுதி, அந்தக் குறிப்பையும் கோப்போடு சேர்த்து அவர்களிடமே கொடுங்கள். அனுமதி தருபவர்கள் அப்போதே தருவார்கள்.