ஐரோப்பாவின் முதல் விவசாயிகள்: கல்லைப் பார்த்தே எப்படிச் சொல்கிறார்கள்?

கதிரவன்:
மத்திய ஐரோப்பாவில் கி.மு. 5500 வாக்கில் விவசாயம் செய்ய ஆரம்பித்தவர்களைப் பற்றிப் படித்துக்கொண்டிருக்கிறேன், அதாவது பானையில் பட்டைப் பட்டையாகக் கோடு கீறிய அந்த மக்கள். ஆய்வாளர்கள் ஒரு சின்னக் கல்துண்டை எடுத்து "இது கதிர் அறுத்தது" என்று அடித்துச் சொல்கிறார்கள். உருவத்தை வைத்துத்தான் சொல்கிறார்களா?

நிலவன்:
உருவத்தை மட்டும் நம்பினால் தப்பாகிவிடும், விளிம்பைத்தான் பார்க்க வேண்டும். கோதுமைத் தாளில் சிலிக்கா இருக்கிறது. அறுக்க அறுக்க, தீக்கல் (சக்கிமுக்கிக் கல்) அலகின் வாய் ஓரத்தில் கண்ணாடி மாதிரி ஒரு பளபளப்பு ஏறும், சில அலகுகளில் அது வெறும் கண்ணுக்கே தெரியும். தோல் சுரண்டிய கல்லில், எலும்பு சீவிய கல்லில் தேய்மானம் வேறு மாதிரி இருக்கும், அதற்கு நுண்ணோக்கி வேண்டும். சோவியத் ஆய்வாளர் செர்கேய் செமியோனவ் 1957-இல் இதைப் பற்றித் தனி நூலே எழுதினார். இன்றைக்கு அதே மாதிரிக் கருவி செய்து, தாங்களே கதிர் அறுத்துப் பார்த்து, அந்தத் தேய்மானத்தைப் பழைய கல்லோடு ஒப்பிடுகிறார்கள். எனக்கு இந்தத் துறையில் மிகவும் பிடித்த வேலையே இதுதான்.

மலர்விழி:
உருவம் ஏமாற்றியதற்கு நல்ல உதாரணம் அவர்களுடைய கல் வாய்ச்சி, அதாவது கைப்பிடிக்குக் குறுக்காக அலகு வைத்த வெட்டுக்கருவி. ஒரு பக்கம் தட்டையாகவும் மறுபக்கம் மேடாகவும் நீளமாக இருக்கும். மண் கொத்தும் கருவி, கலப்பைக் கொழு என்றெல்லாம் முன்பு சொன்னார்கள். தேய்மானத்தைப் பார்த்த பிறகு, அது மரவேலைக் கருவி என்பது தெளிவானது. கிழக்கு ஜெர்மனியில் கிடைத்த அவர்களது கிணறுகளின் ஓக் மரச்சட்டங்களைப் பாருங்கள், கி.மு. 5469-க்கும் 5098-க்கும் இடையில் வளர்ந்த மரங்கள் என்று மர வளையங்களை வைத்தே கணக்கிட்டிருக்கிறார்கள், ஒரு துண்டு உலோகம் இல்லாமல் மூலைப் பொருத்துகளை அவ்வளவு கச்சிதமாக வெட்டியிருக்கிறார்கள்!

கதிரவன்:
அருமை. அப்போ வாய்ச்சி எல்லோரிடமும் இருந்ததா?

நிலவன்:
கல்லறைகளில் அது பெரும்பாலும் ஆண்களோடுதான் கிடைக்கிறது. பற்களில் உள்ள ஸ்ட்ரோன்டியம் ஐசோடோப்பை (ஒருவர் சிறுவயதில் எந்த மண்ணில் வளர்ந்தார் என்று காட்டும் தனிம வகை) அளந்து 2012-இல் ஓர் ஆய்வு வந்தது: வாய்ச்சியோடு புதைக்கப்பட்ட ஆண்களில் பலர், விவசாயத்துக்கு ஏற்ற லோயஸ் மண் (காற்று கொண்டுவந்து படிந்த வளமான மண்) பகுதியிலேயே வளர்ந்தவர்கள். நல்ல நிலம் சில குடும்பங்களிடமே தங்கியிருக்கலாம் என்று அதை வைத்துச் சொல்கிறார்கள், எனக்கு அது ஏற்கத்தக்கதாகவே படுகிறது.

மலர்விழி:
கல் வந்த தூரத்தையும் சேர்த்துப் பாருங்கள். பல வாய்ச்சிகள் செய்த ஆம்பிபோலைட் என்ற கடினமான கல், இன்றைய செக் நாட்டிலுள்ள வட பொஹீமியாவின் யிசெரா மலைப் பகுதியிலிருந்து வந்தது, நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் தள்ளியிருக்கும் ஊர்களிலும் கிடைக்கிறது. இன்னொரு பக்கமும் உண்டு, தென்மேற்கு ஜெர்மனியின் தால்ஹைமில் ஒரே குழியில் 34 பேர் கிடந்தார்கள், அவர்களில் பலரது மண்டை ஓட்டுக் காயங்கள் இந்த வாய்ச்சியின் வாயோடு பொருந்துகின்றன.