வட்டுத் தேய்மானமா, வட்டு மூப்பா? முதுகு டிஸ்க்குக்கு ஒரு சொல்

எல்லாருக்கும் வணக்கம்ங்க,

மூணு நாளா இந்த இழையை படிச்சிட்டு மட்டும் இருந்தேன். முதுகெலும்புகளுக்கு நடுவுல மெத்தை மாதிரி இருக்கற டிஸ்க் வயசோட மாறிப்போறதை டாக்டருங்க 'டிஜெனரேடிவ் டிஸ்க் டிசீஸ்'ங்கறாங்க, அதுக்கு தமிழ்ல என்ன சொல்லலாம்னுதான் இங்க பேச்சு. ஓமலூர் அண்ணன் "தட்டுத் தேய்மானம்"னு போட்டாரு, டாக்டர் தம்பி "வட்டுச் சிதைவு நோய்"னு சொன்னாப்ல, ஏற்காடு அக்கா எஸ்டேட் சனங்க வாயில வர்றது ஜவ்வுதான், அதையே வச்சுக்கலாமேன்னாங்க. நான் சேலம் அம்மாபேட்டைல பிசியோதெரபி பண்றேன், தறி நெய்யறவங்க, கொலுசு பட்டறைல நாள் பூரா குனிஞ்சு உட்கார்ந்து பத்த வைக்கறவங்க, செவ்வாய்பேட்டைல மூட்டை தூக்கறவங்கன்னு தினமும் இந்த டிஸ்க் ரிப்போர்ட்டோடதான் வர்றாங்க, அதனால இந்த சொல்லு எனக்கு பேப்பர்ல இருக்கற விசயம் இல்லீங்க.

எங்கம்மா கதையை மொதல்ல சொல்லிடறேன். 32 வருசம் குழித்தறில உட்கார்ந்தவங்க. இடுப்பு வலின்னு நான் ஊர்ல இல்லாத நேரத்துல பக்கத்து வீட்டுக்காரங்க கூட்டிட்டு போயி ஸ்கேன் எடுத்திருக்காங்க, அங்க ரிப்போர்ட்டை கையில குடுத்தவரு "எல்4 எல்5 நல்லா தேஞ்சு போச்சும்மா, தேய்மானம்"னு ஒத்தை வார்த்தை சொல்லி அனுப்பிட்டாரு. எல்4 எல்5ன்னா இடுப்புப் பக்கம் நாலாவது, அஞ்சாவது எலும்பு. அவ்ளோதான். அம்மா அந்த கவரை பீரோல பட்டுப்புடவைக்கு அடியில வச்சுட்டு தறியை விட்டாங்க, நடக்கறதை விட்டாங்க, கோயிலுக்கு போறதையும் விட்டாங்க. ஏம்மான்னு கேட்டா "தேஞ்சதை இன்னும் தேய்க்கச் சொல்றியா"ன்னு கேட்டாங்க. எட்டு மாசத்துல, தறி மிதிச்சு மிதிச்சு கல்லு மாதிரி இருந்த கெண்டைக்கால் தொளதொளன்னு ஆயிருச்சு. வலி குறையவே இல்ல, ஜாஸ்திதான் ஆச்சு. அவங்களை படுக்க வச்சது டிஸ்க்குன்னு நான் நினைக்கல, அந்த சொல்லுதான்.

இதனாலதான் தேய்மானம் வேண்டவே வேண்டாம்ங்கறேன். அண்ணன் கோவிச்சுக்க கூடாது, ஏற்கனவே கணக்கு வழக்குல மெஷினுக்கு வருசா வருசம் கழிக்கறதை தேய்மானம்னு தான் எழுதறோம், டயருக்கும் செருப்புக்கும் அதே சொல்லுதான், ஓட ஓட தேயும், ஓடாம வச்சா மிச்சம்னு அது தானா சொல்லிடுது. உள்ள நடக்கறது அப்படி இல்ல. டிஸ்க்குக்கு நடுவுல கூழ் மாதிரி ஒண்ணு இருக்கு, பிறக்கும்போது அதுல 80 சதவீதத்துக்கு மேல தண்ணி, வயசாக ஆக 70 பக்கமா இறங்குது, ஏன்னா தண்ணியை பிடிச்சு வைக்கற புரோட்டியோகிளைக்கான் சத்து கொறைஞ்சுடுது. நம்மூர்ல ஜவ்வரிசி ஊற வைக்காத வீடு கிடையாது, ஊறின மணி அழுத்தினா எப்படி மெத்துனு இருக்கும், காத்துல கெடந்தா எப்படி சுருங்கி இறுகும், அதை நினைச்சுக்கங்க. கூழைச் சுத்தி 15லிருந்து 25 அடுக்கு வரைக்கும் நார் வளையம், ஒரு அடுக்கு நார் இந்தப் பக்கம் சாஞ்சா அடுத்த அடுக்கு அந்தப் பக்கம் சாயும். தறிக்காரங்ககிட்ட இதை சொன்னா உடனே புரிஞ்சுக்கறாங்க, அந்த அடுக்குல இழை விட்டா கூழ் வெளிய தள்ளுமேன்னு அவங்களே சொல்லிடறாங்க.

இன்னொரு முக்கியமான விசயம், பெரியவங்க டிஸ்க்குக்கு வெளி ஓரம் தவிர உள்ள ரத்தக்குழாயே கிடையாது. மேலயும் கீழயும் இருக்கற எலும்புலேர்ந்து சத்து ஊறித்தான் வரணும். பகல்ல பளு ஏற ஏற தண்ணி பிழிஞ்சு போகுது, ராத்திரி படுத்தா திரும்ப உறிஞ்சுக்குது, காலைல அளந்த உயரத்துல சாயங்காலம் ஒண்ணு ரெண்டு சென்டிமீட்டர் வரைக்கும் கொறையறது இதனாலதான். அப்ப அசைவு அதுக்கு எதிரி இல்லீங்க. அசையாம கெடக்கறதுதான் ஆகாது, பீடி சிகரெட்டும் ஆகாது.

அடுத்து தட்டா வட்டா. சேலத்துக்காரங்ககிட்ட தட்டுன்னு சொன்னா தட்டுவடை செட்டுதான் ஞாபகம் வரும், நான் பேஷன்ட்டுக்கு அதை வச்சேதான் சொல்றேன், மேல ஒரு தட்டுவடை கீழ ஒரு தட்டுவடை, ரெண்டும் எலும்பு, நடுவுல இருக்கற காயும் சட்னியும்தான் டிஸ்க். ஒரு ஓரமா அழுத்தி கடிச்சா எதிர்ப்பக்கம் சட்னி பிதுங்குதுல்ல, அதுதான் பிதுக்கம். அப்ப தட்டுங்கற பேரு எலும்புக்குத்தான் பொருந்துது. அதுவும் இல்லாம எலும்பையும் டிஸ்க்கையும் ஒட்டி மெலிசா ஒரு குருத்தெலும்பு தகடு வேற இருக்கு, நாளைக்கு அதுக்கு ஒரு பேரு வேணும்னா தட்டைத்தான் தேடுவோம். வட்டுன்னா கருப்பட்டி வட்டு மாதிரி கொஞ்சம் கனமா உருண்டையா தெரியுது. முதுகுல மொத்தம் 23 வட்டு, கழுத்துல மேல முதல் ரெண்டு எலும்புக்கு நடுவுல மட்டும் கிடையாது.

ஜவ்வு பத்தி ஏற்காடு அக்கா சொன்னதுல பாதி எனக்கு சம்மதம். மிளகு ஏணில ஏறி வழுக்கினவரு வந்து "ஜவ்வு வெலகிருச்சு சார்"னு தான் சொல்லுவாரு, பேச்சுல அதை நாம திருத்த வேண்டியதில்ல. ஆனா முட்டில லிகமென்ட் கிழிஞ்சாலும் ஜவ்வு, காதுல பறை கிழிஞ்சாலும் ஜவ்வு, பள்ளிக்கூட பாடத்துல செல்லுக்கு மேல இருக்கறதும் சவ்வு. எழுத்துல, முக்கியமா ரிப்போர்ட்ல, அது தாங்காதுக்கா.

இப்ப "சிதைவு நோய்". தம்பி, நோய்ங்கறதை எடுத்துடுவோம்னு கேட்டுக்கறேன். 2015ல வந்த ஒரு ஆய்வுத் தொகுப்பு இருக்கு, முதுகு வலியே இல்லாத ஆளுங்களோட ஸ்கேன்களை சேர்த்துப் பார்த்தது. 20 வயசுலயே 37 சதவீதம் பேருக்கு இந்த மாற்றம் தெரியுது, 80 வயசுல 96 சதவீதம் பேருக்கு. வலியே இல்லாதவங்க இவங்க! அத்தனை பேரையும் நோயாளின்னு எழுதறதா? சிதைவும் ஒத்து வரல, பொணம் சிதைஞ்சதுன்னு பேப்பர்ல படிக்கற சொல்லு, அதை ஒரு அம்மா கையில குடுத்தா ராத்திரி தூக்கம் வருமா.

என்னோட முன்மொழிவு "வட்டு மூப்பு". மொதல்ல நரைன்னு தான் யோசிச்சேன், முடி நரைக்கற மாதிரி இதுவும்னு. ஆனா எம்ஆர்ஐல நேர் தலைகீழ், இளசான வட்டு வெள்ளையா தெரியும், வயசாக ஆக சாம்பலாகி கருப்பாயிடும், வட்டு எவ்ளோ மாறியிருக்குன்னு சொல்ல 2001ல ஃபிர்மான்ங்கற டாக்டர் வகுத்த 5 படி அதை வச்சுத்தான், அதனால நரைன்னா ரிப்போர்ட் எழுதறவங்களுக்கு குழப்பம் வந்துடும். நரை திரை மூப்புன்னு சேர்ந்தே வர்ற சொல்லுல மூப்பு மட்டும் போதும். 25 வயசு பையனுக்கும் வருதே, அது எப்படி மூப்புன்னு கேப்பீங்க. பத்தாவது படிக்கற பையனுக்கு முடி வெளுத்தா இளநரைன்னு சொல்றோம்ல, அது மாதிரி இது இளமூப்பு. ஒப்புமை இன்னும் கூட நீளுது, நரை மாதிரி இதுவும் பரம்பரையா வர்றதுதான், பின்லாந்துல இரட்டைப் பிறவிகளை வச்சு பண்ணின ஆய்வுல வேலைப்பளுவை விட பரம்பரையோட பங்குதான் பெருசுன்னு தெரிஞ்சுது. தறியில உட்கார்ந்துதான் முதுகை கெடுத்துக்கிட்டோம்னு தன்னையே நொந்துக்கறவங்க எத்தனை பேரு, அவங்களுக்காகவாச்சும் இந்த சொல்லு வேணும்.

மூப்புன்னு சொன்னா ஆளுங்க அலட்சியமா விட்டுடுவாங்கன்னு தம்பி பயப்படுவாப்ல, நியாயம்தான். அதனாலதான் மூப்பையும் அதோட விளைவையும் ஒரே சொல்லுல கட்டக்கூடாதுங்கறேன். வளையம் முழுசா உப்பி நின்னா புடைப்பு, கூழ் நாரை கிழிச்சு வெளிய வந்தா பிதுக்கம், பிதுங்கினது காலுக்குப் போற நரம்பை அழுத்தி பின்தொடைல மின்னல் மாதிரி இறங்கினா நரம்பிறங்கு வலி. பிதுக்கத்துலயும் பெரும்பாலானவங்களுக்கு 6லிருந்து 12 வாரத்துல ஆபரேஷன் இல்லாமலே வலி தணியுது, வெளிய வந்த துண்டை பல பேருக்கு உடம்பே கரைச்சுடுது. ஆனா ஒண்ணே ஒண்ணுக்கு மட்டும் பயப்படத்தான் வேணும். மூத்திரம் வராம அடைச்சாலோ, நமக்கே தெரியாம போனாலோ, உட்கார்ற இடம் மரத்தாலோ, ரெண்டு காலும் வலுவிழந்தாலோ அது முதுகுத்தண்டுக்கு அடியில வால் மாதிரி கொத்தா இறங்கற குதிரைவால் நரம்புகள் நசுங்கறது, விடியற வரைக்கும் பொறுக்காம அப்பவே ஆஸ்பத்திரி போகணும். குதிரைவால்ங்கற பேரை யாரும் மாத்திடாதீங்க, ஒரு தடவை கேட்டா மறக்காது.

அம்மாவுக்கு நான் கடைசில "மூப்புதான்மா, உன் தலைமுடி மாதிரி"ன்னு சொன்னேன். கொஞ்ச நேரம் பேசல. அப்புறம் "அப்ப நடக்கலாமா"ன்னு கேட்டாங்க. மொத நாளு தெருமுனை வரைக்கும், ஒரு மாசத்துல கோயில் வரைக்கும், இப்ப காலைல அரை மணி நேரம் தறியிலயும் உட்கார்றாங்க, வலி முழுசா போகல.

உடற்பயிற்சி சீட்டு ஒண்ணு தமிழ்ல அடிக்கறேன், அதுல "வட்டு மூப்பு", "புடைப்பு", "பிதுக்கம்" மூணும் வருது. திங்கக்கிழமை அச்சுக்கு போகுது, இதை விட நல்ல சொல்லு தோணினா ஞாயித்துக்கிழமைக்குள்ள எழுதுங்க. நரம்பிறங்கு வலிக்கு மட்டும் எனக்கே இன்னும் மனசு நிறையல, அக்கா, எஸ்டேட்ல அதை என்ன சொல்றாங்கன்னு கொஞ்சம் கேட்டு சொல்லுங்க.