கான்ஃபரன்ஸ் சாம்பியன்ஷிப்: மாநாடா, மண்டலமா, கூட்டணியா?

தொடக்க மடல்

அனைவருக்கும் வணக்கம்.

அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்து (பந்தைக் கையில் ஏந்தி ஓடியும் எறிந்தும் ஆடுவது, நம் ஊர்க் கால்பந்து அல்ல) பற்றி ஓர் அறிமுகக் கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். 2024 டிசம்பர் 7 அன்று அட்லாண்டாவில் ஜார்ஜியா பல்கலைக்கழகமும் டெக்சஸ் பல்கலைக்கழகமும் மோதிய தென்கிழக்கு கான்ஃபரன்ஸ் சாம்பியன்ஷிப் ஆட்டத்தில் தொடங்கலாம் என்று எண்ணம். கூடுதல் நேரம் வரை போய் ஜார்ஜியா 22–19 என்று வென்ற ஆட்டம் அது. ஆனால் முதல் வாக்கியமே நகரவில்லை. மொழிபெயர்ப்புக் கருவியைக் கேட்டால் "தென்கிழக்கு மாநாட்டு சாம்பியன்ஷிப் விளையாட்டு" என்கிறது. மாநாட்டுக்கு வந்தவர்கள் பந்தலுக்குப் பின்னால் பொழுதுபோக்காக ஆடினார்கள் என்றுதான் நம் வாசகர் நினைப்பார்.

தங்களுக்குள் அட்டவணை போட்டு ஆடிப் பட்டம் வழங்கிக்கொள்ளும் பல்கலைக்கழகங்களின் குழுதான் 'கான்ஃபரன்ஸ்'; அந்தப் பட்டத்துக்கான ஆட்டம் 'கான்ஃபரன்ஸ் சாம்பியன்ஷிப் கேம்'. இரண்டுக்கும் சொல் வேண்டும். நான் குறித்து வைத்திருப்பவை: மண்டலம், மண்டல இறுதிப் போட்டி. சரிவருமா?

திருச்சியிலிருந்து

தம்பி, மண்டலம் வேண்டாம்.

பெயரில் திசை இருப்பதால் இடத்தைப் பொறுத்த பாகுபாடு என்று தோன்றும். ஒரு காலத்தில் ஓரளவு அப்படித்தான் இருந்தது. தென்கிழக்கு கான்ஃபரன்ஸ் 1932 டிசம்பரில் டென்னசியின் நாக்ஸ்வில்லில் உருவானபோது அதில் இருந்த 13 நிறுவனங்களும் தெற்கு மாநிலங்களைச் சேர்ந்தவை. இன்றைய நிலை வேறு. அட்லாண்டிக் கரை கான்ஃபரன்ஸில் ஸ்டான்ஃபர்டும் கலிஃபோர்னியாவும் இருக்கின்றன. அவை நிற்பது பசிஃபிக் கரையில். நியூ ஜெர்சியின் ரட்கர்ஸும் லாஸ் ஏஞ்சலிஸின் இரண்டு பல்கலைக்கழகங்களும் பிக் டென் ('பெரிய பத்து') என்ற ஒரே கான்ஃபரன்ஸில். அந்தப் பிக் டென்னில் இருப்பது பத்து உறுப்பினர் அல்ல, 18 பேர். பிக் 12-இல் 16 பேர். பெயரில் உள்ள எண்ணையே நம்ப முடியாத இடத்தில் திசையை நம்பி மண்டலம் என்று எழுதினால், நம் ஊர் ரயில்வே மண்டலம் போல வரைபடத்தில் கோடு போட்டுப் பிரித்தது என்று ஆகிவிடும்.

மாநாடு என்ற சொல்லை நீங்கள் கேலி செய்தாலும், அதற்குப் பின்னால் ஒரு உண்மை இருக்கிறது. 1895 ஜனவரியில் சிகாகோவில் பால்மர் ஹவுஸ் விடுதியில் ஏழு பல்கலைக்கழகத் தலைவர்கள் கூடிப் பேசினார்கள். அப்போதெல்லாம் மாணவரே அல்லாதவர்களைக் கூலிக்கு இறக்கி ஆடவைப்பது நடந்தது. அதைக் கட்டுப்படுத்த விதிகள் வேண்டும் என்று கூடிய கூட்டம் அது. மறு ஆண்டு அது நிரந்தர அமைப்பானது. அதுதான் இன்றைய பிக் டென். ஆக, கூடிப் பேசியதற்கு இட்ட பெயர் கூடியவர்களுக்கே ஒட்டிக்கொண்டது. நம்மிடமும் 'சபை' கூட்டத்தையும் குறிக்கிறது, அமைப்பையும் குறிக்கிறது. மாநாடு மட்டும் நிகழ்ச்சியோடு நின்றுவிட்டது. அதனால் அது உதவாது.

சங்கம் என்றும் சொல்லாதீர்கள். இவை எல்லாவற்றுக்கும் மேலே தேசியக் கல்லூரி விளையாட்டுச் சங்கம் ஒன்று இருக்கிறது. அந்தச் சொல்லை அதற்கு விட்டுவைப்போம்.

என் முன்மொழிவு: குழாம். தென்கிழக்குக் குழாம், பிக் டென் குழாம். சொல் பழையது, ஓசையும் நன்றாக இருக்கிறது.

டொராண்டோவிலிருந்து

வணக்கம் ஐயா. மண்டலம் பற்றி நீங்கள் எழுதியது முழுக்கச் சரி. ஆனால் குழாம் எங்களுக்கு ஒத்துவராது. இலங்கைத் தமிழ்ப் பத்திரிகைகளில் கிரிக்கெட் செய்தி வாசிக்கிறவர்களைக் கேட்டுப் பாருங்கள். ஒரு தொடருக்குத் தெரிவாகும் வீரர்களின் பட்டியலைத்தான் குழாம் என்று எழுதுவார்கள். "15 பேர் கொண்ட இலங்கைக் குழாம் அறிவிப்பு" என்று வரும். அப்படியிருக்க "தென்கிழக்குக் குழாமில் 16 அணிகள்" என்றால் எங்கட ஆட்கள் குழம்பிப்போவார்கள். சம்மேளனமும் வேண்டாம், உதைபந்தாட்டச் சம்மேளனம் என்று ஏற்கெனவே புழங்குகிறது. கூட்டமைப்பைச் சர்வதேச அமைப்புகளுக்கும் அரசியலுக்கும் எடுத்துவிட்டார்கள்.

இன்னொன்று. 'இறுதிப் போட்டி' என்பதைப் பற்றி ஒருவரும் பேசவில்லையே? பெரிய பிழை அங்கேதான் என்று நினைக்கிறேன். அந்த ஆட்டத்துக்கு முன்னால் அரையிறுதி, காலிறுதி என்று ஒன்றும் இல்லை. அதற்குப் பிறகுதான் தேசிய அளவில் நாக் அவுட் சுற்றே தொடங்குகிறது.

சென்னையிலிருந்து

டொராண்டோ நண்பர் தொட்ட இடத்திலிருந்து தொடர்கிறேன். சற்று நீளமான மடல், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இந்த ஆட்டம் எப்படி வந்தது என்று பார்த்தால் சொல்லும் வந்துவிடும். வெகு காலம் இது இல்லவே இல்லை. அட்டவணை முடியும்போது அதிக வெற்றி பெற்ற அணிக்குப் பட்டம். இரண்டு அணிகள் சமமாக நின்றால் பகிர்ந்துகொள்ளும். தேசியச் சங்கத்தின் விதிப்புத்தகத்தில் ஒரு சிறு விதி இருந்தது: 12 உறுப்பினர்கள் இருந்து, அவர்கள் இரண்டு பிரிவாகப் பிரிந்திருந்தால், பிரிவுத் தலைவர்கள் இருவரும் கூடுதலாக ஒரு ஆட்டம் ஆடிக்கொள்ளலாம். சிறிய கல்லூரிகளை மனத்தில் வைத்து எழுதிய விதி அது. தென்கிழக்கின் ஆணையராக இருந்த ராய் கிரேமர் அதைப் பிடித்துக்கொண்டார். அப்போது உறுப்பினர் பத்து. ஆர்கன்சாவையும் தென் கரோலினாவையும் சேர்த்துப் பன்னிரண்டாக்கினார்கள். கிழக்கு, மேற்கு என்று பிரித்தார்கள். 1992 டிசம்பர் 5 அன்று பர்மிங்காமின் லீஜன் ஃபீல்டில் முதல் ஆட்டம்.

நல்ல நிலையில் இருக்கும் அணி இந்தக் கூடுதல் ஆட்டத்தில் தோற்றுத் தேசியப் பட்டத்தை இழந்துவிடுமே என்று பயிற்சியாளர்கள் பலர் அஞ்சினார்கள். அது நடந்துவிடும்போல்தான் இருந்தது. ஃபுளோரிடாவும், ஒரு ஆட்டத்திலும் தோற்காமல் வந்த அலபாமாவும் 21–21 என்று நின்றன. கடைசிக் கட்டத்தில் பந்து ஃபுளோரிடாவின் கையில். ஃபுளோரிடா எறிந்த பந்தை அலபாமாவின் ஆன்டோனியோ லாங்காம் இடைமறித்துப் பிடித்து அப்படியே எல்லைக்கு ஓடினார். 28–21. அலபாமா அடுத்து மயாமியை வென்று தேசியப் பட்டமும் பெற்றது. அதன்பின் மற்றவர்களும் இதே வழியில் வந்தார்கள்.

ஆகவே இது அட்டவணை முடிந்த பின் ஒட்டவைத்த ஒற்றை ஆட்டம். ஒரு தொடரின் உச்சியில் இயல்பாக வந்து சேரும் இறுதிப் போட்டி அல்ல. பிற்பாடு பிரிவுகளும் போய்விட்டன. தென்கிழக்கில் 2023 தான் கிழக்கு, மேற்கு இருந்த கடைசி ஆண்டு. அந்த ஆட்டத்தில் அலபாமா 27–24 என்று ஜார்ஜியாவின் 29 ஆட்டத் தொடர் வெற்றியை முறித்தது. 2024 முதல் பட்டியலின் முதல் இரண்டு இடங்கள் மட்டுமே கணக்கு. கான்ஃபரன்ஸுக்குள் ஆடிய ஆட்டங்களில் டெக்சஸ் 7–1 (ஏழு வெற்றி, ஒரு தோல்வி). ஜார்ஜியா 6–2. டென்னசியும் 6–2 தான், ஆனால் டென்னசியை வென்றிருந்ததால் ஜார்ஜியாவுக்கு இடம் கிடைத்தது. அதே ஜார்ஜியா அக்டோபரில் டெக்சஸை அதன் சொந்தத் திடலில் 30–15 என்று வென்றும் இருந்தது! ஏற்கெனவே தீர்ந்த கணக்கை ஏன் மறுபடி ஆட வேண்டும் என்று கேட்டால், பதில் தொலைக்காட்சி ஒப்பந்தத்தில் இருக்கிறது.

தோற்ற அணிக்கு என்ன ஆகும் என்பதையும் பாருங்கள். 2024-இல் தேசியச் சுற்று 12 அணிகளாக விரிந்துவிட்டது. டெக்சஸ் தோற்றும் உள்ளே போனது. அட்லாண்டிக் கரை ஆட்டத்தில் கிளெம்சன் கடைசி நொடியில் 56 கெஜத்திலிருந்து உதைத்து 34–31 என்று வென்றது, தோற்ற எஸ்.எம்.யு.வுக்கும் (சதர்ன் மெதடிஸ்ட் பல்கலைக்கழகம்) இடம் கிடைத்தது. மூன்று தோல்வியோடு வந்த கிளெம்சனுக்குத்தான் அந்த ஆட்டம் வாழ்வா சாவா. கடைசியில் தேசியப் பட்டத்துக்கு ஆடியவர்கள் யார்? ஒஹையோ மாநிலப் பல்கலைக்கழகமும் நோட்டர் டேமும். ஒஹையோ மிச்சிகனிடம் தோற்று, பிக் டென் பட்ட ஆட்டத்துக்கே போகவில்லை. நோட்டர் டேம் கால்பந்தில் எந்தக் கான்ஃபரன்ஸிலும் இல்லை. இதை வைத்துக்கொண்டு 'இறுதி' என்று எப்படி எழுதுவது?

இனி சொல். கான்ஃபரன்ஸுக்குக் கூட்டணி என்பதே பொருத்தம் என்கிறேன். சிரிக்காதீர்கள். பிரித்துப் பாருங்கள்: கூட்டு, அணி. அணிகள் கூடியது. விளையாட்டில் அணி என்ற சொல் நமக்கு நிலைத்துவிட்டது; அணிகளின் கூட்டுக்கு இதைவிட நேரான சொல் கிடைக்காது.

டொராண்டோவிலிருந்து

பிரித்தால் அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் யாரும் பிரித்து வாசிப்பதில்லையே. உங்களுக்குத் தேர்தல் ஞாபகம் வரும். எங்களுக்குத் தமிழர் விடுதலைக் கூட்டணி என்ற கட்சியே ஞாபகம் வரும். விளையாட்டுச் செய்தியில் அரசியல் வாடை வந்தால் வாசகர் வழிதவற மாட்டாரா?

சென்னையிலிருந்து

அந்த வாடைதான் எனக்கு வேண்டும். 'பிரிவு' என்றோ 'லீக்' என்றோ சொன்னால் யாரோ மேலிருந்து அணிகளை வகுத்து வைத்தார்கள் என்று படும். இங்கே நடப்பது பேரம். டெக்சஸும் ஓக்லஹோமாவும் பிக் 12-இல் இருந்தவை. 2021-இல் தென்கிழக்குக்குப் போகிறோம் என்று அறிவித்தன. ஒப்பந்தக் காலம் முடிவதற்கு ஓர் ஆண்டு முன்பே கிளம்ப இரண்டும் சேர்ந்து 10 கோடி டாலர் தர ஒப்புக்கொண்டன. அதனால்தான் 2024-இல் டெக்சஸ் அட்லாண்டாவில் ஆட முடிந்தது. பசிஃபிக் 12-இன் கதை இன்னும் மோசம்: பத்து உறுப்பினர்கள் மூன்று பக்கமாகப் பிரிந்து போக, ஒரிகன் மாநிலப் பல்கலைக்கழகமும் வாஷிங்டன் மாநிலப் பல்கலைக்கழகமும் மட்டும் மிஞ்சின. இப்படி அணிகள் இடம் மாறுவதற்கு அமெரிக்கர்கள் வைத்திருக்கும் ரீஅலைன்மெண்ட் என்ற சொல்லை எப்படித் தமிழாக்குவீர்கள்? 'மறுசீரமைப்பு' என்றால் அரசு ஆணை போல் இருக்கும். 'கூட்டணி மாறுதல்' என்றால் தமிழ்நாட்டில் ஒருவருக்கும் விளக்க வேண்டாம். நோட்டர் டேமைப் போன்ற அணிக்கு 'சுயேச்சை' என்ற சொல் தயாராக இருக்கிறது. ஒரு சொல்லை எடுத்தால் குடும்பமே கூட வருகிறது. குழாமுக்கோ மண்டலத்துக்கோ இந்த வசதி இல்லை.

ஒரு எச்சரிக்கை. தொழில்முறைக் கால்பந்தான என்.எஃப்.எல்.லிலும் கான்ஃபரன்ஸ் உண்டு. அது ஒரே லீக்கின் இரு பாதிகள். அங்கே கான்ஃபரன்ஸ் சாம்பியன்ஷிப் என்பது லீக்கின் இறுதி ஆட்டமான சூப்பர் பவுலுக்கு முந்தைய அரையிறுதியேதான். அதற்குக் கூட்டணி என்று போடக் கூடாது. ஆங்கிலத்தில் ஒரே சொல் என்பதற்காகத் தமிழிலும் ஒன்றாக வைக்க வேண்டிய கட்டாயம் இல்லை.

ஆட்டத்தின் பெயருக்கு: கூட்டணி வாகை ஆட்டம். 'வாகை சூடியது' என்று நாளிதழ்கள் இன்றும் எழுதுகின்றன.

திருச்சியிலிருந்து

குழாமைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். சுயேச்சையைக் கண்டதும் எனக்கு வாதம் முடிந்துவிட்டது. வாகை ஆட்டத்தில் மட்டும் ஒரு தயக்கம். வாகை என்றால் வெற்றி. 'வாகை ஆட்டம்' என்றால் வென்ற பிறகு கொண்டாடிய ஆட்டம் என்றும் கொள்ள இடமுண்டு. புறத்திணை படித்தவர்கள் நிச்சயம் அப்படித்தான் கொள்வார்கள். எதற்காக ஆடுகிறார்கள் என்பது தெரிய வேண்டும். 'கூட்டணிப் பட்ட ஆட்டம்' என்று வைத்தால் என்ன? பட்டத்துக்கான ஆட்டம். குத்துச்சண்டைச் செய்திகளில் பட்டத்துக்காக மோதுவது வழக்கமான பேச்சு. வென்றவரை வாகையர் என்று சொல்லிக்கொள்ளலாம், அதில் எனக்குச் சண்டை இல்லை.

சென்னையிலிருந்து

பட்ட ஆட்டம் சரி. காற்றாடி விடுகிற பட்டம் நினைவுக்கு வருமோ என்று ஒரு கணம் யோசித்தேன். கூட்டணி முன்னால் நிற்பதால் வராது.

தொடங்கியவர்

எல்லோருக்கும் நன்றி. முதல் பத்தியை இப்படி மாற்றியிருக்கிறேன்:

"2024 டிசம்பர் 7 அன்று அட்லாண்டாவில் நடந்த தென்கிழக்குக் கூட்டணியின் பட்ட ஆட்டத்தில் ஜார்ஜியா, டெக்சஸை 22–19 என்று கூடுதல் நேரத்தில் வென்றது. முதல் பாதியின் முடிவில் காயமடைந்த ஜார்ஜியா வீரர் கார்சன் பெக்குக்குப் பதிலாகக் கன்னர் ஸ்டாக்டன் இறங்கினார். வெற்றிக்கான ஓட்டத்தை ட்ரெவர் எட்டியென் முடித்தார். பிக் 12 கூட்டணியிலிருந்து மாறி வந்த டெக்சஸுக்கு இது புதிய கூட்டணியில் முதல் பருவம். பட்டம் கைநழுவினாலும் தேசியச் சுற்றில் அதற்கு இடம் கிடைத்தது. வாகையரான ஜார்ஜியாவோ அந்தச் சுற்றின் தன் முதல் ஆட்டத்திலேயே சுயேச்சை அணியான நோட்டர் டேமிடம் 23–10 என்று தோற்று வெளியேறியது."

டொராண்டோ நண்பருக்கு: கட்டுரையில் கூட்டணி முதலில் வரும் இடத்தில், இது அணிகளின் கூட்டு என்று ஒரு வரி சேர்த்துவிடுகிறேன். அடுத்த சிக்கல் 'பவுல்'. 'ஷுகர் பவுல்' என்ற ஆட்டத்தின் பெயரைக் கருவி சர்க்கரைக் கிண்ணம் என்கிறது. அதற்குத் தனி இழை தொடங்குகிறேன்.