வசனமே இல்லாத படத்தில் எழுத்தாளருக்கு என்ன வேலை?

காட்பாடி மாணவி:
வணக்கம். நார்வேயின் மௌனப்படக் காலத்துத் திரைக்கதை ஆசிரியர் ரஸ்முஸ் பிரைஸ்டைனைப் பற்றிக் கல்லூரியில் பத்து நிமிடம் பேச வேண்டும். 1890இல் பிறந்தார், 1976இல் மறைந்தார், படங்கள் இன்னின்னவை என்று எழுதி வைத்திருக்கிறேன். ஆனால் யாரும் வாய் திறக்காத படத்தில் எழுத என்ன இருக்கிறது என்பது விளங்கவில்லை.

ஆரணிக்காரன்:
நடுநடுவே திரையில் வரும் எழுத்து அட்டைகளை எழுதியிருப்பார். அதைச் சொல்ல இரண்டு நிமிடம் போதும்.

குடியாத்தம் ஆபரேட்டர்:
ஆரணித் தம்பி அவசரப்படுகிறார். நான் பதினெட்டு வருஷம் டூரிங் கொட்டகையில் படம் ஓட்டியவன். ஒருநாள் இரண்டாவது ஆட்டத்தில் ஸ்பீக்கர் செத்துவிட்டது. டிக்கெட் காசைத் திருப்பிக் கேட்பார்கள் என்று நடுங்கிக்கொண்டு நின்றேன். ஒருவரும் எழுந்திருக்கவில்லை. மணலில் கால் நீட்டி உட்கார்ந்திருந்த ஒரு பாட்டி, பேத்திக்குக் கதை சொல்லிக்கொண்டே வந்தாள். இரண்டே இடத்தில்தான் தவறினாள். அந்தப் பாட்டிக்குக் கண்ணாலேயே புரியும்படி காட்சிகளைக் கோப்பதுதான் அம்மா, அவர் வேலை.

பிரைஸ்டைன் நடிகராக இருந்தவர். முதலில் இயக்கிய படம் 'ஃபான்டெ-அன்னெ', 1920. எழுத்தாளர் கிறிஸ்டோஃபர் யான்சனின் கதைக்கு இவரே திரைக்கதை எழுதினார். நாடோடிப் பெண்ணின் மகள் அன்னெ ஒரு பண்ணையில் வளர்கிறாள். கூட வளர்ந்த பண்ணை வாரிசு, பணக்காரப் பெண்ணை மணக்கப் புது வீடு கட்டுகிறான். அன்னெ அந்த வீட்டுக்குத் தீ வைத்துவிடுகிறாள். அவளை நேசிக்கும் ஏழை ஒருவன் பழியைத் தன் தலையில் போட்டுக்கொண்டு சிறைக்குப் போகிறான். அவள் நெஞ்சில் இருந்ததைச் சொல்ல அட்டை வேண்டுமா? வீடுதான் எரிகிறதே.

காட்பாடி மாணவி:
ஐயா, 1920 வரை நார்வேக்காரர்கள் என்ன செய்துகொண்டிருந்தார்கள்?

குடியாத்தம் ஆபரேட்டர்:
அங்கே 1913இல் வந்த சட்டம், படம் காட்டும் உரிமத்தை நகராட்சிகளின் கையில் கொடுத்தது. பிறகு நகராட்சிகளே திரையரங்கு நடத்தின. வசூல் ஊர்ச் செலவுக்குப் போனது, படமெடுக்கத் திரும்பவில்லை. நம் ஊரில் கேளிக்கை வரிக்கே முதலாளிகள் புலம்புவார்கள், அங்கே கொட்டகையே நகராட்சியுடையது! இதற்கிடையில் சுவீடன்காரர்கள், நார்வே எழுத்தாளர்களான இப்சனின் கவிதையை 1917இலும், பியோர்ன்சனின் கதையை 1919இலும் படமாக்கிவிட்டார்கள். தன் வீட்டுக் கதையைப் பக்கத்து வீட்டுக்காரன் சொன்னால் யாருக்குத்தான் ரோஷம் வராது? பிரைஸ்டைன் கிராமத்துக் கதைகளையே பிடித்துக்கொண்டார். 1926இல் எடுத்த 'ஹார்டாங்கர் மணப்பயணம்' அந்த வகையில் பேர்பெற்றது.

ராணிப்பேட்டை வாசகி:
தங்கையே, நம் ஊர்க்காரரையும் ஒரு நிமிடம் சேர்த்துக்கொள். தென்னிந்தியாவின் முதல் மௌனப்படமான 'கீசக வதம்' எடுத்த நடராஜ முதலியார் வேலூரில் பிறந்தவர். மோட்டார் உதிரிபாக வியாபாரி. பாரதக் கதை என்பதால் கீசகன் யார், சைரந்திரி யார் என்று யாருக்கும் விளக்க வேண்டியிருக்கவில்லை. பிரைஸ்டைனுக்கு அந்தச் சௌகரியம் இல்லை. 'கீசக வதம்' பிரதி இன்று கிடையாது. 'ஃபான்டெ-அன்னெ' இருக்கிறது, பார்த்துவிட்டே பேசு.

காட்பாடி மாணவி:
ஞாயிற்றுக்கிழமை பாட்டியை உட்கார வைத்துப் பார்க்கப்போகிறேன். எத்தனை இடத்தில் தவறுகிறார் என்று எழுதுகிறேன்.